வட்டில் அமிழும் நேரம்

தேய்பிறை 2

அப்பாவின் வலக்கை நகங்களை இன்றும் வெட்டிவிட்டேன். இடக்கையில் வெட்ட ஒன்றும் இல்லை. முழங்கைக்குக் கீழே காலத்தைக் கட்டி வைத்திருக்கிறார். நஞ்சு அங்கேயே நிற்கிறது, நகமும் நிற்கிறது. காவலர்கள் இப்போதெல்லாம் முகத்தைப் பார்ப்பதில்லை, கைகளைத்தான் பார்க்கிறார்கள். இரண்டும் ஒத்திருக்க வேண்டும்.

தேய்பிறை 3

தெருமுனையில் வட்டில் வைத்துவிட்டார்கள்.

தேய்பிறை 4

குடத்தை இடுப்பில் வைத்துக்கொண்டு அருகில் போய்ப் பார்த்தேன். மெல்லிய செப்புக் கிண்ணம், அடியில் ஊசி நுழையும் அளவுக்குத் துளை. தொட்டி நீரில் மிதக்கவிட்டிருக்கிறார்கள். நீர் மெல்ல உள்ளே ஏறுகிறது. விளிம்பைத் தொட்டதும் கிண்ணம் சட்டென்று அமிழ்ந்துவிடுகிறது. ஒரு முறை அமிழ்ந்தால் ஒரு நாழிகை, 60 முறை அமிழ்ந்தால் ஒரு நாள். கோபுரத்தில் விண்மீன்களைப் பார்த்து முரசறைகிறார்கள். முரசுக்கு வட்டில் பிந்தினால், அருகில் எவரோ காலத்தைப் பிடித்து வைத்திருக்கிறார் என்று தீர்ப்பு.

பிள்ளை பிறந்த நேரம் குறிக்கவும், மருந்து கொடுக்கும் வேளை அறியவும் எங்கள் முன்னோர் ஊருக்குச் செய்து கொடுத்த கருவி அது. அதை வைத்தே எங்களைப் பிடிக்கிறார்கள். வயிறு எரிகிறது.

தேய்பிறை 5

அவர் தூங்கக் கூடாது. தூங்கினால் கட்டு அவிழ்ந்துவிடும். சிறு வயதில் அவர் என்னிடம் கேட்ட கணக்குகளையே இரவெல்லாம் அவரிடம் கேட்கிறேன். நாழிகைக்கு எத்தனை விநாழிகை? 60. சாமத்துக்கு எத்தனை நாழிகை? ஏழரை. பதில் பிந்தினால் தோளைப் பிடித்து உலுக்குகிறேன்.

தேய்பிறை 6

கயிறு திரிக்கும் அக்காவைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள். நான்காம் சாமத்தில் வட்டில் பிந்தியதாம். தொட்டிக்கு மிக அருகில் இருப்பது அவர் வாசல்.

தேய்பிறை 7

எங்களால்தானா? நேற்று முழுக்க இதே நினைப்பு. ஆனால் பகலில் வட்டில் பிந்தவில்லையே. இவர் பகலிலும்தானே கட்டி வைத்திருக்கிறார்? எங்களால் பிந்துவதென்றால் உச்சிவேளையிலும் பிந்தியிருக்க வேண்டும். விடியற்காலையில் மட்டும் பிந்துவானேன்?

பனி. தண்ணீர் சில்லிட்டால் சிறு துளைக்குள் நுழைய அதிக நேரம் எடுக்கும். பானை ஒன்றை இரவு முழுவதும் முற்றத்தில் வைத்தேன், இன்னொன்றில் வெந்நீர் ஊற்றினேன். இரண்டையும் ஒரே இடத்தில் அருகருகே வைத்து, ஒரே கிண்ணத்தை மாற்றி மாற்றி மிதக்கவிட்டேன். வெந்நீரில் முந்தி அமிழ்ந்தது, குளிர்ந்த நீரில் பிந்தியது. ஒவ்வொரு முறையும் அப்படியே. கட்டின் பாதிப்பு இருந்தாலும் இரண்டுக்கும் ஒன்றுதானே. வித்தியாசம் தண்ணீரில்தான் இருக்கிறது.

அந்த அக்கா ஒரு பாவமும் அறியாதவர். பனிக்காலம் முழுவதும் இப்படித்தான் பிடிப்பார்கள். போய்ச் சொல்லலாம். சொன்னால் முதலில் வரும் கேள்வி, “இந்தக் கணக்கு உனக்கு எப்படித் தெரியும்?” வட்டிலைத் தொட்டுப் பழகியவர்கள் எங்களைத் தவிர யார் இருக்கிறார்கள்?

தேய்பிறை 8

அப்பாவை ஏற்றிப்போகும் படகு அமாவாசைக்குத்தான் வரும். அதற்கு முன் வராது என்று உறுதியாகச் சொல்லிவிட்டார்கள்.

தேய்பிறை 10

அக்காவின் மகன் திண்ணையில் உட்கார்ந்திருந்தான். அவர் பாதியில் விட்டுப்போன கயிறு; முறுக்குப் பிரிந்துவிடாமல் ஒரு முனையைக் கால் கட்டைவிரலில் சுற்றி, மறுமுனையைக் கையில் இழுத்துப் பிடித்திருந்தான். சாப்பிடக் கூப்பிட்டேன். கயிற்றை விட்டுவிட்டு வர மாட்டேன் என்றான். அங்கேயே கொண்டுபோய் ஊட்டினேன்.

தேய்பிறை 11

இடக்கைச் சுண்டுவிரல் நகம் வளர்ந்திருக்கிறது. விளக்கைக் கிட்டத்தில் கொண்டுவந்து பார்த்தேன். வளர்ந்துதான் இருக்கிறது.

தேய்பிறை 12

அவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். படகு வரட்டும், உங்களை ஏற்றிவிட்டுப் போகிறேன் என்றேன். “அமாவாசைக்குள் அந்தப் பெண்ணின் கையை வெட்டிவிடுவார்கள், மகளே. இந்தக் கையை வைத்துக்கொண்டு நான் என்ன செய்ய?” என்றார். நான் கத்தினேன். அவர் கத்தவில்லை. விளிம்பில் நசுங்காத கிண்ணமாகப் பார்த்து எடுத்துப் போ என்றார், பாடம் சொல்லித்தரும் அதே குரலில்.

தேய்பிறை 13

பையனை அவர் அருகில் உட்கார வைத்திருக்கிறேன். கேட்க வேண்டிய கணக்குகளைச் சொல்லிக்கொடுத்துவிட்டேன். பதில் பிந்தினால் தோளை உலுக்க வேண்டும் என்றும் சொன்னேன். தலையாட்டினான், கயிறு இன்னும் கையில். குளிர்ந்த நீர் சாவடித் தொட்டியிலேயே இருக்கும். வெந்நீர்ப் பானைக்கு வைக்கோல் சுற்றிக் கட்டியாயிற்று. ஆறுவதற்குள் போய்ச் சேர வேண்டும்.