கார்த்திகையில் மல்லி, மார்ச்சில் விட்ச் ஹேசல்

காட்பாடியில் எங்கள் வீட்டுப் பின்பக்கம் சுவரோரமாகக் குண்டுமல்லிப் புதர்கள் இருக்கின்றன. அமெரிக்காவில், கனெக்டிகட்டில் அக்கா மகள் வீட்டு வாசலில் ஒரு விட்ச் ஹேசல். முகத்துக்குப் போடும் டோனர் பாட்டிலில் அந்தப் பெயரைப் பார்த்திருப்பீர்கள். அதில் இருப்பது இந்தச் செடிகளில் ஒரு வகையின் குச்சியையும் பட்டையையும் வடித்தெடுத்த நீர். இந்தத் தடவை இரண்டுக்கும் நான்தான் கவாத்து பார்த்தேன். இங்கே கத்தரியோடு, அங்கே வீடியோ காலில் வாயால்.

நவம்பர் கடைசி வாரம் மல்லியின் முறை. மழை விட்டு வெயில் முகம் காட்டும் வரை பொறுத்தேன், வெட்டுக்காயத்தில் ஈரம் நின்றால் கிளை நுனியிலிருந்து காய்ந்துகொண்டே வரும். பரந்து கிடந்த கிளைகளைக் கயிற்றால் சேர்த்துக் கட்டிவிட்டு வெட்டினால் உயரம் ஒரே மட்டமாக வரும். வேளாண் பல்கலைக்கழகப் பரிந்துரை தரையிலிருந்து 50 செ.மீ.; முழங்கால் உயரம் என்று வைத்துக்கொள்ளலாம். காய்ந்தது, நோஞ்சான், ஒன்றோடொன்று உரசுவது எல்லாம் அடியோடு போயின. மிச்ச இலைகளையும் உருவிவிட்டேன். வெட்டிய முனைகளில் காப்பர் ஆக்ஸிகுளோரைடு என்ற பூஞ்சாண மருந்தைக் குழைத்துத் தடவினேன். பக்கத்து வீட்டு ஆயா எட்டிப் பார்த்து, "இன்னாப்பா, பூக்கிற செடிய இப்பிடி மொட்டையடிச்சிட்ட?" என்றார். அங்கொன்றும் இங்கொன்றுமாக நாலு பூ இருந்தது உண்மைதான்.

அன்றைக்கு ராத்திரி போனில் அக்கா மகள், "மாமா, நானும் இப்பவே பாதி உயரத்துக்கு வெட்டிடட்டுமா?" என்று கேட்டாள். வேணாம்மா, முதலில் கிளையைக் கிட்டக் கொண்டுவந்து காட்டு என்றேன். கிளையில் இரண்டு வகை மொட்டு தெரிந்தது. குட்டையான காம்பில் கொத்தாக உருண்டு நிற்பவை பூ. நீண்டு கூராக இருப்பவை இலை. அந்த உருண்டைகள் கோடையிலேயே உருவாகிவிட்டவை. நவம்பரில் வெட்டினால் பிப்ரவரிப் பூ முழுவதும் குப்பைக்குப் போகும். மல்லி அப்படியில்லை. புதுத் தளிரின் நுனியில்தான் அது மொட்டு வைக்கும். தளிர் வேண்டுமானால் வெட்டித்தான் ஆகவேண்டும். செடி எந்தக் கிளையில் மொட்டு வைக்கிறது என்று பார்க்காமல் மாதத்தை மட்டும் பார்த்துக் கவாத்து பண்ணுவது எனக்கு ஒத்துவராது.

பேச்சுவாக்கில் இன்னொன்று சொன்னாள்: "கீழ மட்டும் மஞ்சளா பூத்திருக்கு மாமா." அவள் வாங்கியது 'ஜெலினா' என்ற வகை. சீன, ஜப்பானிய விட்ச் ஹேசல்களின் கலப்பு, பெல்ஜியத்தில் பிறந்தது. பூ செம்பு நிறத்தில், குளிர்கால முடிவில் வரவேண்டியது. இலையுதிர் காலத்தில் மஞ்சளாகப் பூப்பது அமெரிக்கக் காட்டு வகை. அதை அடிச்செடியாக வைத்துத்தான் இந்த ரகங்களை ஒட்டுக் கட்டுகிறார்கள். ரோஜாவில் ஒட்டுக்குக் கீழே காட்டுக்கிளை கிளம்புமே, அதே கதை. விட்டால் அது மேலே இருப்பதை அமுக்கிவிடும். அதை மட்டும் உடனே எடுக்கச் சொன்னேன். மண்ணைத் தோண்டி, கிளை வேரில் கிளம்பும் இடம் வரை போய்ப் பிய்த்துவிட வேண்டும். தரை மட்டத்தில் வெட்டினால் ஒன்று நாலாகும்.

மல்லிக்கு வெட்டின கையோடு உரம். மக்கிய தொழுவுரம் செடிக்கு 10 கிலோ, கூடவே வேப்பம்புண்ணாக்கும் கடலைப்புண்ணாக்கும். ரசாயன உரம் போடுகிறவர்களுக்கு ஒரு செடிக்கு ஆண்டுக்கு தழைச்சத்து 60, மணிச்சத்து 120, சாம்பல்சத்து 120 கிராம் என்று கணக்கு. அதில் பாதி இப்போது, மீதி ஜூன், ஜூலையில். டிசம்பர் பாதியிலேயே கணுவெல்லாம் தளிர். எங்கள் போர் தண்ணீர் உப்பு, அதனால் தளிரிலேயே வெளிறல் தெரிந்தது: நரம்பு பச்சை, நடுவில் மஞ்சள். லிட்டருக்கு 5 கிராம் அன்னபேதி (இரும்பு சல்பேட்) கலந்து தெளித்தேன், மாதம் ஒரு தரம். நிறம் திரும்பிவிட்டது.

பிப்ரவரியில் அங்கிருந்து வீடியோ. தரையெல்லாம் பனி, இலையே இல்லாத கிளையில் நாடா மாதிரி நான்கு நான்கு இதழாகச் செம்புப் பூ. கடுங்குளிர் இறங்கும்போது இதழ் சுருண்டுகொள்ளுமாம், வெயில் பட்டதும் மறுபடி விரியுமாம். எனக்கும் ஆசை வராமல் இல்லை. ஆனால் நல்ல குளிரில் உறங்கி எழுந்தால்தான் அந்தச் செடி பூக்கும். நம்மூர் மார்கழிப் பனி அதற்குக் காணாது. ஏலகிரி மேலே கொண்டுபோய் வைத்தாலும் காணாது. நர்சரியில் யாராவது நாற்று என்று நீட்டினால் வாங்கிவிடாதீர்கள்.

மார்ச்சில் அங்கே பூ முடிந்து இலை வருமுன் கவாத்து. போன வருஷ வளர்ச்சியை மட்டும் இரண்டு இலைமொட்டு விட்டுக் குறைக்கச் சொன்னேன், உள்பக்கம் குறுக்கே ஓடிய ஒரு கிளையை எடுக்கச் சொன்னேன், அவ்வளவுதான். முதிர்ந்த கட்டையில் கைவைத்தால் மெதுவாகத்தான் துளிர்க்கும், அடியிலிருந்து காட்டுக்கிளையும் கிளம்பும். மல்லியை வெட்டுகிற கைக்கு இந்த அடக்கம் பழக நாளாகும். போனில் சொல்லும்போதே 'இன்னும் கொஞ்சம் வெட்டலாமே' என்று எனக்கே தோன்றியது.

அதே மார்ச்சில் இங்கே மல்லி நிறைய மொட்டு. ஆயா வீட்டுக்கும் தினமும் ஒரு பங்கு போகிறது. மொட்டையைப் பற்றி இப்போது பேச்சில்லை. சில மொட்டு ஊதா நிறமாகிக் கொட்டியது, பிரித்துப் பார்த்தால் உள்ளே புழு. அந்த மொட்டுகளைப் பொறுக்கி அழித்துவிட்டு, சாயங்காலமாக வேப்பெண்ணெயைச் சோப்புக் கரைசலில் கலந்து அடிக்கிறேன். குறைந்திருக்கிறது, முழுக்க ஒழியவில்லை. அங்கே பிய்த்த இடத்தில் மறுபடி ஒரு காட்டுக்கிளை தலை நீட்டியிருக்கிறதாம். இளசாக இருக்கும்போதே கையால் இழுத்துவிடு என்று சொல்லியிருக்கிறேன்.