இடிந்த தடுப்புச் சுவரை ஜியோகிரிட் போட்டுத் திரும்பக் கட்டிய கதை

2021 நவம்பர் மழையைக் குமரி மாவட்டத்தில் யாரும் மறந்திருக்க மாட்டார்கள். இரணியல், குழித்துறைப் பக்கம் தண்டவாளத்தில் மண் சரிந்து ரயில்களே நின்றுபோன அந்த நாட்களில்தான் எங்கள் முற்றத்துத் தடுப்புச் சுவரும் போனது. ராத்திரி இரண்டு மணி இருக்கும், டிப்பரில் கல் கொட்டுவது மாதிரி ஒரு சத்தம். டார்ச் அடித்துப் பார்த்தால் துணி காயப்போடும் கம்பியின் ஒரு கால் மட்டும் நிற்கிறது. இன்னொரு காலும் அது நின்ற முற்றமும் கீழே பக்கத்து விளையில் கிடக்கின்றன.

எங்கள் வீடு குலசேகரத்துக்கும் திருவட்டாருக்கும் நடுவில், ரப்பர் விளைகளுக்கு இடையே ஒரு சரிவில் இருக்கிறது. இங்கே பலரும் செய்வதைத்தான் நானும் செய்திருந்தேன்: மேட்டை ஜேசிபி வைத்து வெட்டி, வெட்டிய மண்ணைப் பள்ளத்துப் பக்கம் தள்ளி, அதைக் கருங்கல் சுவர் கட்டி நிறுத்தி, கிடைத்த சமதளத்தில் வீடும் முற்றமும். சுவர் 4 மீட்டர் உயரம், 12 மீட்டர் நீளம். விழுவதற்கு இரண்டு வருடம் முன்பே அது சொல்லிக்கொண்டுதான் இருந்தது. முற்றத்தில் சுவருக்கு இணையாக நீளமாக ஒரு விரிசல் வந்தது, நான் சிமெண்ட் பாலை ஊற்றி அடைத்தேன். மறுமழைக்கு அதே இடத்தில் திரும்ப வந்தது, திரும்ப அடைத்தேன். சுவர் நடுவில் வயிறு தள்ளியிருக்கிறது என்று மனைவி சொன்னபோது, கல் கட்டு அப்படித்தான் தெரியும் என்றேன். இதையெல்லாம் இப்போது எழுதக் கூச்சமாகத்தான் இருக்கிறது.

காலையில் கீழ் விளைக்காரப் பாட்டா வந்தார். "மக்களே, எனக்க மூணு மூடு ரப்பர் போச்சு. அது போட்டு, இந்தக் கல்ல இனி யாரு எடுப்பா?" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திருக்காமல் போய்விட்டார்.

சுவர் கட்டிய கொத்தனாரைக் கூப்பிட்டேன். அவர் பார்த்துவிட்டு, "அண்ணே, அடியில மூணடி அகலம் போட்டோம், இந்தத் தடவ அஞ்சடி போட்டு காங்கிரீட் பெல்ட்டும் குடுத்தா யானை இடிச்சாலும் நிக்கும்" என்றார். ஊரில் எல்லோரும் இதையேதான் வேறு வேறு அளவில் சொன்னார்கள், சுவரைத் தடியாக்கு என்று. பாலம், சாலை வேலைகளில் பல வருடம் இருந்த, மச்சானுக்குத் தெரிந்த ஒரு பொறியாளர் மட்டும்தான் சுவரைப் பார்க்காமல் சுவருக்குப் பின்னால் என்ன இருந்தது என்று கேட்டார். நான் சொல்லச் சொல்ல அவர் முகம் மாறியது. கூரைத் தண்ணீர் முற்றத்தில் விழும். குளியலறைத் தண்ணீர் போகும் உறிஞ்சுகுழி சுவரிலிருந்து ஆறடியில். சுவரில் தண்ணீர் வடியத் துளை கிடையாது, ஏனென்றால் துளை வைத்தால் சுவரில் அழுக்கு வழியும் என்று நான்தான் வேண்டாம் என்றிருந்தேன்.

அவர் மளிகைக் கடை பில்லின் பின்பக்கத்தில் ஒரு கணக்குப் போட்டார். எனக்கு விஷயம் புரிந்த இடம் அதுதான். 4 மீட்டர் உயரத்துக்கு ஓரளவு நல்ல மண், நனையாமல் இருந்தால், சுவரின் ஒவ்வொரு மீட்டர் நீளத்தையும் ஏறத்தாழ 5 டன் விசையோடு தள்ளும். அதே மண்ணில் மேல்மட்டம் வரை தண்ணீர் நின்றால் தண்ணீர் மட்டுமே 8 டன் தள்ளும், மண்ணின் பங்கையும் சேர்த்தால் 10 டன். சுவர் அதே சுவர், சுமை இரட்டிப்பு. உயரத்தைக் கூட்டினால் இன்னும் மோசம், உயரம் இரண்டு மடங்கானால் தள்ளும் விசை நான்கு மடங்காகிறது. நம் ஊரில் ஆறடிக் கையாலைச் சுவர் தலைமுறை தலைமுறையாக நிற்பதையும் அதே கைப்பாங்கில் கட்டிய பதின்மூன்றடிச் சுவர் விழுவதையும் சேர்த்துப் பார்த்தால் கணக்கு சரியாகத்தான் இருக்கிறது.

"சுவர வச்சு மண்ணத் தாங்குறத விட்டுட்டு, மண்ணே மண்ணத் தாங்கட்டும் சார்" என்றார். நான்குவழிச் சாலை மேம்பாலங்களின் ஏற்றத்தில் இருபுறமும் கான்கிரீட் பலகை அடுக்கியிருப்பார்களே, அந்தப் பலகை வெறும் முகப்புதான். உள்ளே அடுக்கடுக்காகப் பட்டையோ வலையோ போட்டு, மேலே மண்ணை இறுக்கியிருக்கும். மண் நசுக்கினால் தாங்கும், இழுத்தால் பிரிந்துவிடும். அந்த இழுவையை வலை வாங்கிக்கொள்ளும். 1960களில் ஹென்றி விடால் என்ற பிரெஞ்சுக்காரர் இதைக் கணக்கோடு முறையாக்கினார். செம்மண்ணில் வைக்கோல் மிதித்துச் சுவர் வைத்த நம் ஆட்களுக்கு இது ரொம்பப் புதுசாகத் தோன்றியிருக்காது.

கான்கிரீட்டில் எல் வடிவச் சுவரும் கட்டலாம், ஆனால் அந்த உயரத்துக்குக் கம்பிச் செலவு தாங்காது. எனக்கு முற்றம் 8 மீட்டர் அகலம் இருந்ததால் வலை முறைக்கு இடம் இருந்தது. வலையின் நீளம் சுவர் உயரத்தில் குறைந்தது 0.7 பங்கு வேண்டும் என்பது பொது விதி, அதன்படி 2.8 மீட்டர். முற்றத்தில் கார் நிற்கும் என்பதால் 3.5 மீட்டராக வைத்தார். முகப்புக்குக் கேபியன், அதாவது கம்பிவலைப் பெட்டியில் கல் நிரப்பி அடுக்குவது. ஒரு பெட்டி அரை மீட்டர் உயரம், ஒரு மீட்டர் ஆழம். எட்டு வரிசை, முதல் வரிசை முழுக்க மண்ணுக்குள். ஒவ்வொரு வரிசைக்கும் அடியில் ஒரு ஜியோகிரிட், அதாவது மண்ணுக்குள் விரிக்கும் அந்த வலை. கேபியனில் எனக்கு ஒரு சொந்த லாபமும் இருந்தது. பாட்டா விளையில் கிடந்த கல்லை உடைத்து அதற்குள்ளேயே போட்டுவிடலாம்.

இடிந்ததும் கட்டத் தொடங்கவில்லை. தார்ப்பாய் போட்டு மூடி, உறிஞ்சுகுழியை வீட்டின் மறுபக்கம் மாற்றிவிட்டு, பிப்ரவரி வரை காத்திருந்தோம். நமக்கு இரண்டு பருவமழையும் உண்டு, நடுவில் கிடைக்கும் காய்ந்த மாதங்கள் கொஞ்சம்தான். மலையோரக் கிராமங்களில் சில, மலைப்பகுதிப் பாதுகாப்புப் பட்டியலில் வருவதால் மண் வெட்டுவதற்கு முன்னால் அதையும் விசாரித்துக்கொள்வது நல்லது. எங்கள் கிராமம் அதில் இல்லை.

முதல் சண்டை நிரப்பும் மண்ணில் வந்தது. இடிந்து விழுந்த செம்மண் குவியலாகக் கிடக்கிறது, அதையே போட்டால் காசு மிச்சம் என்று ஜேசிபிக்காரரிலிருந்து மாமனார் வரை எல்லோரும் ஒரே கட்சி. பரிசோதனைக்குக் கொடுத்தோம். 75 மைக்ரான் சல்லடையில் இறங்கும் மாவு மண் 38 சதவீதம் என்று வந்தது. 15க்குள் இருக்க வேண்டும். மாவு அதிகமானால் தண்ணீர் வடியாது, வலையையும் இறுக்கிப் பிடிக்காது. பரிசோதனைக்கு முன்பே பொறியாளர் ஒரு கண்ணாடிப் பாட்டிலில் மண்ணும் தண்ணீரும் போட்டுக் குலுக்கி ஜன்னலில் வைக்கச் சொன்னார். மறுநாளும் தண்ணீர் தெளியாமல் டீ மாதிரிதான் இருந்தது, அப்போதே தெரிந்துவிட்டது. பிறகு சரளை மண்ணும் பாறைப்பொடியும் கலந்து ஐம்பது யூனிட்டுக்கு மேல் அடித்தோம். லோடு கிடைப்பது, பாஸ், விலை எல்லாம் தனிக்கதை, அதைச் சொன்னால் கோபம்தான் வரும். மொத்தச் செலவில் வலை சின்னப் பங்குதான், மண்தான் பணத்தைத் தின்றது.

இரண்டாவது, வலையை விரிப்பதில். நான் மதியம் சாப்பிட்டுவிட்டு வந்து பார்க்கிறேன், பையன்கள் ஜியோகிரிட் உருளையைச் சுவரின் நீளவாக்கில் அழகாக உருட்டி விரித்து வைத்திருக்கிறார்கள். பாய் விரிப்பது மாதிரி ஒரே ஓட்டம், அவர்களுக்கு அது சுலபம். ஆனால் இந்த வகை வலைக்கு உருளையின் நீளவாக்கில்தான் பலம், அந்தத் திசை சுவருக்குக் குறுக்காக, முகப்பிலிருந்து உள்ளே போக வேண்டும். நீளவாக்கில் போட்டால் வலை போட்டும் போடாத மாதிரிதான். மேலே மண் போட்டு மூடியிருந்தால் யாருக்கும் தெரியாமலே போயிருக்கும். மடக்கச் சொல்லி, 3.5 மீட்டர் துண்டுகளாக வெட்டி, ஒவ்வொன்றையும் இழுத்துச் சுருக்கம் எடுத்துக் கம்பி அடித்து நிறுத்தி, முகப்பிலிருந்து பின்னோக்கி மண் தள்ளினோம். வெறும் வலை மேல் வண்டி ஏறக் கூடாது, குறைந்தது அரையடி மண் விழுந்த பிறகுதான். அன்றிலிருந்து மதியச் சாப்பாடு எனக்கு அங்கேயே வந்தது.

இறுக்கும் வேலை இருக்கிறதே, அதுதான் ஆளைக் கொல்லும். 15 செண்டிமீட்டர் கனத்துக்கு மேல் ஒரு அடுக்கு போடக் கூடாது. ஆக ஒரு வலைக்கும் அடுத்த வலைக்கும் நடுவில் மூன்று நான்கு முறை மண் பரப்பி, ஈரம் பார்த்து, இயந்திரம் ஓட்ட வேண்டும். ஈரம் பார்ப்பது கையால்தான். பிடித்தால் உருண்டையாக நிற்க வேண்டும், உள்ளங்கை நனையக் கூடாது. முகப்பிலிருந்து ஒரு மீட்டருக்குள் பெரிய ரோலர் வந்தால் பெட்டிகள் முன்னால் தள்ளிவிடும் என்பதால் அங்கே கையால் பிடித்து ஓட்டும் பிளேட் இயந்திரம் மட்டும். சாயங்காலம் நாலு மணிக்கு மேல் அடுக்கு தானாகக் கனத்துவிடும், ஒரு அடியை ஒரே தடவையில் போட்டு மூடப் பார்ப்பார்கள். நான் ஒரு குச்சியில் கோடு போட்டு வைத்துக்கொண்டு அளந்துகொண்டே நின்றேன். என்னைப் பற்றி அவர்கள் இந்தியில் என்ன பேசிக்கொண்டார்கள் என்று தெரியாதது நல்லதுதான்.

கல் அடுக்குவதில் கொத்தனார் கில்லாடி, அதை ஒத்துக்கொள்ள வேண்டும். வலைக் கண்ணைவிடப் பெரிய கல்லாக முகப்பில் கையால் அடுக்கி, பெட்டிக்கு உள்ளே குறுக்குக் கம்பி கட்டி, வயிறு தள்ளாமல் பார்த்துக்கொண்டார். பெட்டிக்குப் பின்னால் ஜியோ டெக்ஸ்டைல் துணி, தண்ணீர் வரும், மண் வராது. வலைகள் முடியும் இடத்தில், வெட்டிய பழைய மண்ணை ஒட்டி, ஒரு அடி கனத்துக்கு 20 எம்எம் ஜல்லியை அடியிலிருந்து ஏறக்குறைய மேல்வரை துணியில் சுற்றி நிறுத்தி, அடியில் துளைபோட்ட 4 அங்குலக் குழாய், லேசான வாட்டத்தோடு வெளியே. மேலே மட்டும் ஒரு அடி நம் செம்மண், அதற்குத் தண்ணீர் இறங்கவிடாத குணம் இருக்கிறதே, அங்கே அது உபயோகம். கூரைத் தண்ணீருக்குத் தனிக் குழாய்.

வீட்டுக்குப் பின்பக்கம் மேட்டை வெட்டிய சரிவு ஒன்றும் இருக்கிறது, அதற்கு வலை போட இடம் இல்லை. துளை போட்டுக் கம்பி செருகிச் சிமெண்ட் பாலை அடைக்கும் சாயில் நெய்லிங் செய்யலாம் என்றார்கள், ஆனால் அந்த இயந்திரம் ஏறி வர வழியே கிடையாது. சரிவைக் கொஞ்சம் படுக்கவைத்து, மேலே தண்ணீரைத் திருப்ப ஒரு வாய்க்கால் வெட்டி, தென்னைநார் வலை விரித்து, வெட்டிவேரை மட்டமான வரிசைகளில் அரையடிக்கு ஒன்றாக நட்டேன். நார் இரண்டு மூன்று வருடத்தில் மக்கிவிடும், அதற்குள் வேர் இறங்க வேண்டும் என்பது கணக்கு. வெயில் படும் பாதி அடர்த்தியாக வந்துவிட்டது. ரப்பர் நிழல் விழும் பாதியில் ஒன்றுகூடத் தேறவில்லை, வெட்டிவேருக்கு நிழல் ஆகாது என்று நட்ட பிறகுதான் தெரிந்தது. அதுவும் மேல்மண் சரியாமல் பிடிக்கும், ஆழத்தில் மொத்தமாக நகரும் சரிவைப் பிடிக்காது.

முகப்பில் மூன்று இடத்தில் குறி வைத்து, ஒவ்வொரு மழைக்குப் பிறகும் தூக்குக்குண்டு விட்டு அளக்கிறேன். முதல் மழைக்காலத்தில் நடுக்குறி ஒரு செண்டிமீட்டர் வெளியே வந்தது, நான் தூங்கவில்லை. இவ்வளவு அசைவு இருக்கத்தான் செய்யும், வலை இழுபட்டால்தானே பிடிக்கும் என்றார் பொறியாளர். அதற்கப்புறம் நகரவில்லை.

அடிக் குழாயில் மழை விட்டு இரண்டு நாள் வரை தண்ணீர் ஓடுகிறது. முன்பெல்லாம் அத்தனையும் சுவருக்குப் பின்னால் நின்றிருக்கிறது. நான் அதை ரசித்துக்கொண்டு நிற்கும்போது பாட்டா கீழேயிருந்து, "லேய், உனக்க வெள்ளம் மொத்தமும் எனக்க விளையிலல்லா வந்து கெடக்கு" என்றார். சரிதான். அவர் விளை ஓரமாக ஓடை வரைக்கும் ஒரு கால்வாய் வெட்டிக் கல் பாவிக் கொடுத்தேன். மூன்று ரப்பருக்கான கணக்கு இன்னும் பேசிக்கொண்டிருக்கிறோம்.