கோனியம்மன் காவலும் பேரூர் நாற்றும்

கோயம்புத்தூருக்குப் போனால் முதலில் கோனியம்மனை வணங்கிவிட்டே மற்ற காரியங்களைப் பார்க்க வேண்டும் என்பது பாலக்காட்டுத் தமிழர்களாகிய எங்கள் வீட்டு வழக்கம். நகைக்கடைகள் நெருக்கி நிற்கும் டவுன்ஹால் பகுதியில் வடக்கு நோக்கி வீற்றிருக்கும் இந்த அன்னையை, இவ்விடம் அடர்ந்த காடாக இருந்தபோது அதைத் திருத்தி ஊர் கண்ட கோவன் என்னும் இருளர் தலைவன் காவல் தெய்வமாக நிறுவினான் என்று தலவரலாறு கூறுகிறது. மாசித் தேர் ராஜவீதிக்கு வரும்போது வடம் பிடிக்க ஊரே திரள்கிறது. ஆனால் அந்த இருளர்களின் ஊர்களைக் காண ஆனைகட்டி மலையடிவாரத்துக்கும் எல்லைக்கு அப்பால் அட்டப்பாடிக்கும் அல்லவா போக வேண்டியிருக்கிறது! சந்நிதியில் குங்குமம் வாங்கும்போது எனக்கு அதுவே மனத்தை உறுத்தியது.

அங்கிருந்து பேரூர் பட்டீசுவரரைத் தரிசிக்கச் சென்றோம். சுந்தரருக்குக் கொடுக்கப் பொருள் இல்லாத இறைவன், அம்மையுடன் வயலில் இறங்கி நாற்று நட்டு மறைந்திருந்தார் என்பதும், ஒளிந்த இடத்தைக் காட்டிக்கொடுத்த நந்தியின் தாடை மண்வெட்டியால் வெட்டுண்டது என்பதும் இத்தலத்தின் கதை. அதை நினைவுகூர்ந்து ஆனி மாதத்தில் நாற்று நடவுத் திருவிழா நடைபெறுகிறது. வயல் இருந்தால்தான் அந்த விழாவுக்குப் பொருள் உண்டு.

அந்த வயல்களை வாழவைத்தது வெள்ளியங்கிரி மலைப்பகுதியில் பிறக்கும் நொய்யல். அணைக்கட்டில் மறித்த நீரை வாய்க்கால் வழியாகக் குளத்துக்குக் கொண்டுபோய், அது நிறைந்ததும் மிகுநீரை அடுத்த குளத்துக்கு விடும்படி முன்னோர் அமைத்திருந்தார்கள். 1888இல் முதல் நூற்பாலை வந்தது. 1930களில் நீலகிரியின் பைக்காரா நீர்மின் நிலையத்திலிருந்து மின்சாரம் கிடைத்ததும் ஆலைகள் பெருகின. குடிநீருக்குச் சிறுவாணி ஆற்று நீர் வந்தது. வயல்கள் மனைகளாயின, நொய்யலில் கழிவுநீர் கலந்தது. உக்கடம் பெரியகுளத்தின் கரையில் இன்று நடைபாதையும் விளக்குகளும் அழகாகவே இருக்கின்றன. ஆயினும் குளத்துக்கு அழகு தெளிந்த நீர்தான்.

பேரூர்ப் படித்துறையில் தர்ப்பணம் முடித்த பெரியவர் ஒருவர், “முழுகறதுக்கு ஆத்துல தண்ணி வேணுமுங்களே” என்று சொல்லிவிட்டு, குடத்து நீரைத் தலையில் தெளித்துக்கொண்டார். பட்டீசுவரர் முன் நின்றபோது வேறு எதையும் கேட்கத் தோன்றவில்லை. வருகிற ஆனியில் அவர் நாற்று நடும் வயலுக்கு நொய்யல் நீரே பாய வேண்டும் என்று வேண்டிக்கொண்டு, வாளையாறு வழியாக ஊர் திரும்பினோம்.