எடிட் அறை, வடபழனி

நவம்பர் 4
சீரியல் எபிசோட் போய்ச் சேர்ந்தது. அப்புறம் நள்ளிரவு வரை பட எடிட்டிங். அம்மா கதவைத் திறந்து, மகனைப் பார்த்து, பேசாமல் நிற்கும் ஷாட். எங்கே வெட்டுவது?

நவம்பர் 5
மழை. கரண்ட் போய்ப் போய் வந்தது. வேலை ஓடவில்லை.

நவம்பர் 8
படத்தில் 12 நிமிடம் குறைக்கச் சொல்கிறார்கள். முதலில் கைவைக்கச் சொன்னது அந்தக் கதவு ஷாட்டில். சீரியலில் நிமிடம் போதவில்லை என்று இதே மாதிரி முகத்தை மூன்று கோணத்தில் இழுத்து, மேலே இசையைக் கொட்டுகிறேன். யாரும் ஒன்றும் சொல்வதில்லை. இங்கே இசை கூட இல்லாமல் ஒரு நடிகை நிஜமாக நிற்கிறார், அது நீளமாம். அவர் மூச்சை உள்ளே இழுப்பது தெரிகிறது. அதற்கு முன்னால் வெட்டினால் அவர் வெறுமனே கதவைத் திறந்தவர் ஆகிவிடுவார். சினிமாவுக்கு நொடிக்கு 24 ஃபிரேம், டிவிக்கு 25. எனக்கு வேண்டியது ஒரு நொடி கூட இல்லை, 18 ஃபிரேம்.

நவம்பர் 9
தூக்கமில்லை.

நவம்பர் 13
தாம்பரத்தில் கல்யாணம். மாமா கேட்டார், "எப்பம்மா டைரக்ட் பண்ணப் போற?" எல்லோரும் கேட்பதுதான், ஆனாலும் இன்று கோபம் வந்தது. பீம்சிங் எடிட்டிங் உதவியாளராகத் தொடங்கி இயக்குநரானவர், உண்மை. அவர் மகன் லெனின் படம் இயக்கிய பிறகும் எடிட்டர் லெனின்தானே? இது போகிற வழியில் ஏறி இறங்கும் ஸ்டேஷன் இல்லை. என் வேலை இது.

நவம்பர் 14
வேலை சொல்லிக்கொடுத்த சார் ஞாபகம். ஸ்டீன்பெக்கில், அதாவது ஃபிலிம் ரீலை ஓட்டிப் பார்த்து எடிட் செய்யும் மேஜை மெஷினில், வெட்டிய காலம். 1000 அடி ரீல் என்றால் ஏறக்குறைய 11 நிமிடம். வெட்டி எடுத்த துண்டைக் கழுத்தில் மாலையாகப் போட்டுக்கொண்டே வேலை செய்வார், சாயங்காலம்வரை தூக்கிப் போட மாட்டார். இருந்திருந்தால் போன் பண்ணியிருப்பேன்.

நவம்பர் 17
வேறொரு எடிட்டரிடம் காட்டப் போவதாகப் பேச்சு. டைரக்டர் போனை எடுக்கவில்லை.

நவம்பர் 18
எடுக்கவில்லை.

நவம்பர் 20
கூப்பிட்டார். 12 நிமிடத்தை நானே எடுத்துத் தருகிறேன் என்றேன், கதவைத் தொடாமல். இடைவேளைக்கு முன்னால் வரும் துரத்தலில் 4 நிமிடம் கிடைத்துவிட்டது. பாட்டுக்கு முன்னால் கொஞ்சம். மீதிக்குத் தேடுகிறேன்.

நவம்பர் 22
3 மணிக்குத் தயாரிப்பாளர் பார்க்க வருகிறார். "அக்கா, இடது ஸ்பீக்கர் கொரகொரங்குது" என்கிறான் அசிஸ்டென்ட். ஒயர் வாங்க ரிச்சி தெருவுக்கு ஆள் போயிருக்கிறது.