நைசி என்றொரு கடதாசி

திருச்சியில் இருக்கும் அக்காவிடம் சித்திரை விடுமுறைக்கு மகளைக் கூட்டிப்போவதாக இருந்தேன். விடுமுறையும் முடிந்து பள்ளிக்கூடமும் தொடங்கிவிட்டது. மகளின் பாஸ்போர்ட் போன கிழமைதான் கைக்கு வந்தது.

பிறப்பு அத்தாட்சிப் பத்திரம், படம் எடுத்த ஸ்டூடியோ ரசீது, என் அடையாள அட்டை எல்லாம் ஒரே நாளில் சேர்ந்தன. 16 வயதுக்குக் குறைந்த பிள்ளைக்குத் தாய், தகப்பன் இருவரின் சம்மதமும் வேண்டும், விவாகரத்தானவர்கள் பிள்ளை யார் பொறுப்பில் என்ற நீதிமன்றக் கட்டளையைக் காட்ட வேண்டும். இதெல்லாம் தெரிந்ததுதான். எனக்கு விவாகரத்துத் தீர்ப்பாகி இரண்டு வருடம். அந்தக் கடதாசியை உறையில் போட்டுக்கொண்டு மட்டக்களப்பிலிருந்து இரவு பஸ் ஏறினேன்.

பாஸ்போர்ட் கந்தோர் கவுண்டரில் இருந்தவர் அதை இரண்டு தரம் புரட்டிவிட்டு, "இது நைசி. அப்சலூட் எங்கே?" என்றார்.

அவரில் பிழை இல்லை. எனக்குத்தான் அந்த இரண்டு சொல்லும் தெரியாது. தெரிந்த சட்டத்தரணி ஒருவரைத் தொலைபேசியில் பிடித்தேன். விவாகரத்து வழக்கில் முதலில் கிடைப்பது டிக்ரி நைசி. ஆகக் குறைந்தது மூன்று மாதம் போனபிறகு நீதிமன்றம் அதை அறுதியாக்க வேண்டும், அதுதான் அப்சலூட். அதுவரை கலியாணம் கலியாணம்தான். என் கோப்பில் அதற்கான மோஷனை, அதாவது நீதிமன்றத்துக்கான விண்ணப்பத்தை, யாரும் போடவே இல்லை. வழக்குப் பேசியவர் காசை வாங்கிக்கொண்டு கோப்பைக் கட்டி வைத்துவிட்டார், நானும் கேட்கவில்லை. ஆக, ஊர் முழுக்க என்னை விவாகரத்தானவள் என்று கதைத்துக்கொண்டிருந்த இரண்டு வருடமும் சட்டத்துக்கு நான் அந்த மனுசனின் பெண்சாதி. திரும்பி வரும் பஸ்ஸில் முதலில் சிரிப்பு வந்தது. மன்னம்பிட்டி தாண்டும்போது அழுகை.

புதுச் சட்டத்தரணி மோஷன் போட்டார், திகதி வந்தது, நீதிபதி முன்னால் ஐந்து நிமிடத்தில் முடிந்தது. அப்புறம்தான் நீதிமன்றப் பதிவறை. உறுதிப்படுத்திய பிரதிக்கு மூன்று தரம் போனேன். மூன்று தரமும் ஒரே பாட்டு: "கோப்பு உள்ளுக்க கிடக்கு, மறுகா வாங்க மகள்." நாலாவது தரம் சோற்றுப் பார்சலோடு போய் வாங்கில் குந்திவிட்டேன். நேரம் மூன்றரைக்குப் பிரதி வந்தது! வழக்கு இலக்கத்தைத் துண்டில் எழுதிக் கொண்டுபோங்கள், பெயரைச் சொல்லித் தேடவிட்டால் இருந்தபாடுதான்.

வாங்கின இடத்திலேயே வாசித்தது என் புண்ணியம். கலியாணம் கலைந்தது என்று மட்டுந்தான் அதில் இருந்தது, பிள்ளையைப் பற்றி ஒரு வரி இல்லை. பிள்ளை என் பொறுப்பில் என்பது இருவரும் இணங்கிக் கையெழுத்து வைத்த நிபந்தனைகளில் கிடந்தது. அந்தத் தாளுக்கும் பிரதி கேட்டேன். முகம் சுளித்தார்கள், ஆனால் தந்தார்கள். எல்லாவற்றிலும் இரண்டு பிரதியாக எடுத்தேன்.

அதே நிபந்தனைகளில் மாதத்தில் ஒரு சனிக்கிழமை தகப்பன் பிள்ளையைப் பார்க்கலாம் என்றும் இருக்கிறது. பாஸ்போர்ட் எடுப்பது வேறு, பிள்ளையை நாட்டுக்கு வெளியே கொண்டுபோவது வேறு என்றார் சட்டத்தரணி. "நாளைக்கு அவர் வந்து, பிள்ளையை ஒளிச்சிட்டா என்று மனுப் போட்டா என்ன செய்வீங்க?" அதனால் பயணத்துக்கும் நீதிமன்றத்தில் அனுமதி கேட்டிருக்கிறோம். டிக்கெட் இன்னும் போடவில்லை.

பாஸ்போர்ட் கந்தோருக்கு இரண்டாம் முறை போகும்போது தமிழில் இருந்த தீர்ப்புக்குச் சத்தியப் பிரமாண மொழிபெயர்ப்பும் செய்து கொண்டுபோனேன். தமிழும் அரச கரும மொழி என்று 1987இல் 13ஆவது திருத்தத்திலேயே எழுதியாயிற்று, எனக்கும் தெரியும். இன்னொரு இரவு பஸ்ஸுக்குத்தான் பயம். கவுண்டரில் முதலில் எடுத்து வாசித்ததும் அதைத்தான். இந்தத் தடவை ஒரு கேள்வியும் இல்லை.

மகளுக்குப் பாஸ்போர்ட்டை மூன்று வருடத்துக்குத்தான் தந்திருக்கிறார்கள். இரண்டாவது பிரதிகள் அலுமாரியில் கூறைச் சேலைக்கு அடியில் கிடக்கின்றன.