க்யூ ஸ்கூலும் அதற்குப் பிறகு வந்த வருஷமும்

கோல்ஃபில் ப்ரோ ஆவது ஒரு நாள் வேலை. இனிமேல் பணத்துக்காக ஆடுகிறேன் என்று அறிவித்துவிட்டால் ஆயிற்று. ஆனால் எங்கே போய் ஆடுவது? பெரிய டூர்களில், அதாவது சீசன் முழுக்க நடக்கும் தொடர் போட்டிகளில், வாராவாரம் ஆட உரிமை தருவது கார்டு. டிபி வேர்ல்டு டூரின் கார்டுக்காக நடக்கும் தகுதிப் போட்டியான க்யூ ஸ்கூலில் ஆடி, கார்டு வாங்கி, ஒரு சீசனையும் முடித்திருக்கிறேன். 2022க்கு முன்பு ஐரோப்பியன் டூர் என்று சொன்னோமே, அதே டூர்தான்.

இதில் இறங்கப்போகும் இளைஞர்கள் பலரும் என்னிடம் முதலில் கேட்பது, "எத்தனை அண்டர் அடித்தால் தேறலாம்?" என்றுதான். அண்டர் என்றால் மைதானத்துக்கு நிர்ணயித்த அடிகளைவிடக் குறைவு. அதற்கு ஒரே பதில் கிடையாது. காற்றும் மைதானமும் வருஷத்துக்கு வருஷம் மாறும். நான் பார்த்தவரை, அங்கே தேறியவர்கள் எல்லோரும் தங்கள் மோசமான நாளை எழுபத்து மூன்று, எழுபத்து நாலு அடியில் முடிக்கத் தெரிந்தவர்கள். அறுபத்தைந்து அடித்துவிட்டு அடுத்த நாள் எழுபத்தெட்டு அடித்த திறமைசாலிகள் பலர் வெறுங்கையோடு போனார்கள்.

மொத்தம் மூன்று கட்டம். முதல் கட்டம் செப்டம்பர், அக்டோபரில் பல இடங்களில் நடக்கும். இரண்டாம் கட்டம் நவம்பர் தொடக்கத்தில் ஸ்பெயினில் நான்கு மைதானங்களில் ஒரே நேரத்தில் நடக்கும். இரண்டிலும் நான்கு ரவுண்டு, 72 குழி. ஏற்கெனவே நல்ல தரவரிசை இருப்பவர்கள் நேரே இரண்டாம் கட்டத்துக்கோ கடைசிக் கட்டத்துக்கோ வந்துவிடுவார்கள். அதனால் முதல் கட்டத்திலிருந்து ஏறி வருபவர் ஒவ்வொரு படியிலும் தன்னைவிட அனுபவசாலிகளோடு மோத வேண்டியிருக்கும். இந்த இரண்டு கட்டங்களைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. வழக்கமான போட்டி மாதிரிதான் ஆடினேன், கடந்தேன்.

கடைசிக் கட்டம் அப்படியில்லை. ஸ்பெயினில் தாராகோனா பக்கம் உள்ள இன்ஃபினிட்டம் என்ற இடத்தில், லேக்ஸ், ஹில்ஸ் என்று இரண்டு மைதானங்களில் நடக்கிறது. ஆறு நாளில் ஆறு ரவுண்டு, 108 குழி. சாதாரணப் போட்டியில் நான்காம் நாள் மாலை பெட்டி கட்டிவிடுவோம். உடம்பும் மனசும் அதற்குத்தான் பழகியிருக்கும். இங்கே நான்காம் நாள் முடிவில் வருவது கட், பின்தங்கியவர்களை வெளியேற்றும் எல்லை. அதைத் தாண்டினால் இன்னும் இரண்டு நாள். அந்த ஐந்தாம் நாள் காலையில் கால் கனத்தது இன்னமும் நினைவிருக்கிறது. அதனால் என் கேடியும் (பையைச் சுமந்து யோசனை சொல்பவர்) நானும் முன்பே ஒன்று பேசி வைத்திருந்தோம்: ரவுண்டு முடிந்ததும் அரை மணி நேரம் புட்டிங் (பந்தைக் குழிக்குள் உருட்டும்) பயிற்சி, அவ்வளவுதான். இருட்டும்வரை பந்து அடித்துக்கொண்டிருந்த பலர் ஐந்தாம் நாளில் தளர்ந்ததைப் பார்த்தேன்.

எனக்கு மோசமான நாள் மூன்றாவது ரவுண்டில் வந்தது. வடமேற்கிலிருந்து காற்று. நவம்பர் குளிரில் பந்து ஏற்கெனவே குறைந்த தூரம்தான் போகும், எதிர்காற்றும் சேர்ந்துகொண்டால் வழக்கமான கிளப்பைவிட (மட்டையைவிட) இரண்டு, மூன்று படி அதிக தூரம் போகும் கிளப்பை எடுக்க வேண்டியிருக்கும். முதல் ஏழு குழிக்குள் மூன்று போகி, அதாவது மூன்று குழிகளில் நிர்ணயித்ததைவிட ஓர் அடி கூட. எட்டாவதில் தண்ணீரைத் தாண்டி கிரீனை (குழி இருக்கும் புல்தரையை) பிடிக்கலாமா என்ற இடத்தில் கேடி குறைந்த தூரத்துக்கான வெட்ஜை எடுத்து நீட்டினார். ஒன்றும் பேசவில்லை. தண்ணீருக்கு முன்னால் பந்தை வைத்து, அங்கிருந்து கிரீனுக்குப் போய், இரண்டு புட்டில் இன்னொரு போகி வாங்கினேன். அந்தப் போகியை இன்றுவரை நல்ல ஸ்கோராகத்தான் நினைக்கிறேன். அன்று இரண்டு ஓவரில், நிர்ணயித்ததைவிட இரண்டு அடி கூடுதலாக, முடித்தேன். அது மூன்று, நான்கு கூடியிருந்தால் நான்காம் நாளே கதை முடிந்திருக்கும்.

ஸ்கோர் கார்டு விஷயத்தைத் தனியாகச் சொல்ல வேண்டும். நம் ஸ்கோரை உடன் ஆடுபவர் எழுதுவார், நாம் சரிபார்த்துக் கையெழுத்துப் போட வேண்டும். ஒரு குழியில் அடித்ததைவிடக் குறைவாக எழுதியிருந்து நாம் கையெழுத்திட்டால் தகுதி நீக்கம். கூடுதலாக எழுதியிருந்தால் அந்தக் கூடுதல் ஸ்கோர்தான் நிற்கும். 1968 மாஸ்டர்ஸில் ரொபர்ட்டோ டி விசென்சோவுக்கு நடந்தது இதுதான். 17ஆவது குழியில் அவர் அடித்தது மூன்று, கார்டில் இருந்தது நான்கு. கையெழுத்துப் போட்டுவிட்டார், ப்ளே ஆஃப் வாய்ப்பு போய் ஒரு ஸ்ட்ரோக்கில் (அடியில்) தோற்றார். ஆறு நாள் களைப்பில் இந்தத் தவறு யாருக்கும் நேரலாம். ஒவ்வொரு குழியையும் வாய்விட்டுப் படித்து, கேடியிடம் ஒரு முறை ஒப்பிட்ட பிறகே பேனாவைத் தொடுங்கள்.

நான் ஆடிய வருஷத்தில் முதல் 25 இடங்களுக்கும், 25ஆம் இடத்தில் சமநிலையில் நிற்பவர்களுக்கும் கார்டு. 2024இல் அது முதல் 20 இடங்கள், சமநிலையில் நிற்பவர்கள் என்று குறைந்துவிட்டது. நான் அந்த எல்லைக்குள் ஒரே ஒரு ஸ்ட்ரோக் மிச்சத்தில் வந்தேன். கட்டைத் தாண்டியும் கார்டு கிடைக்காதவர்கள் ஒரு படி கீழே உள்ள சேலஞ்ச் டூருக்குப் போனார்கள். 2025 முதல் அதற்கு ஹோட்டல்பிளானர் டூர் என்று பெயர்.

சரி, கார்டு வந்துவிட்டது. அப்புறம்?

இதைத்தான் யாரும் எனக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை. கார்டு வைத்திருப்பவர்களிலும் வரிசை உண்டு. சென்ற சீசனில் போட்டி ஜெயித்தவர்கள், தரவரிசையில் இடம் தக்கவைத்தவர்கள், கீழ் டூரிலிருந்து உயர்ந்தவர்கள் எல்லோருக்கும் பின்னால்தான் க்யூ ஸ்கூலில் தேறியவர்கள். அதற்குள்ளும் எந்த இடத்தில் முடித்தோமோ அந்த வரிசை. பரிசுப் பணம் பெரிதாக உள்ள போட்டிகளில் பெரும்பாலும் நமக்கு இடம் இருக்காது. புதிய சீசன் க்யூ ஸ்கூல் முடிந்த கையோடு நவம்பர் கடைசியிலேயே தென்னாப்பிரிக்கா, ஆஸ்திரேலியா என்று தொடங்கிவிடுகிறது. ஓய்வு எடுக்கலாம் என்று நினைப்பவருக்கு வாய்ப்பு நழுவும், ஏனென்றால் ஆரம்பப் போட்டிகளில்தான் நமக்கு எளிதாக இடம் கிடைக்கும். அங்கே சம்பாதிக்கும் புள்ளிகள்தான் பிறகு நம்மை வரிசையில் முன்னே நகர்த்தும்.

சம்பளம் கிடையாது. விமானம், அறை, கேடியின் வாரக் கூலி எல்லாம் நம் கையிலிருந்துதான். 36 குழி முடிந்ததும் முதல் 65 இடங்களுக்குள்ளோ 65ஆம் இடத்தின் சமநிலையிலோ வராதவருக்குப் பரிசுப் பணம் இல்லை, செலவு மட்டும் மிஞ்சும். என் முதல் மாதங்களில் கட் தவறிய வாரங்கள்தான் அதிகம். அப்போது இங்கிலாந்து வீரர் ஜஸ்டின் ரோஸை நினைத்துக்கொள்வேன். 1998இல் ப்ரோ ஆனதும் தொடர்ந்து 21 கட் தவறவிட்டவர், க்யூ ஸ்கூல் வழியாக வந்து, 2013இல் யு.எஸ். ஓபனையும் 2016இல் ஒலிம்பிக் தங்கத்தையும் வென்றார். ஜீவ் மில்கா சிங்கும் க்யூ ஸ்கூல் வழியாகத்தான் 1998இல் ஐரோப்பியன் டூருக்கு வந்த முதல் இந்தியர் ஆனார். அங்கே அவருடைய முதல் வெற்றி 2006இல்தான், வால்வோ சைனா ஓபனில். இடையில் எட்டு வருஷம். அந்த எட்டு வருஷத்தை நான் மிகவும் மதிக்கிறேன்.

சீசன் முடிவில் தரவரிசையில் ஏறத்தாழ முதல் 115 பேருக்குள் இருந்தால்தான் கார்டு தங்கும். இல்லையென்றால் மறுபடியும் நவம்பர், மறுபடியும் ஸ்பெயின். போகிறவர்கள் இரண்டு காரியம் செய்யுங்கள். கடைசிக் கட்டத்துக்குக் கிளம்பும்போதே தென்னாப்பிரிக்க விசாவுக்கு விண்ணப்பித்துவிடுங்கள், இடையில் இருப்பது சில நாள்தான். கேடியிடம் ஆறு ரவுண்டுக்கான கூலியை முதல் நாளுக்கு முன்பே பேசி முடியுங்கள். ஐந்தாம் நாள் காலையில் பணப் பேச்சு எடுக்கும் நிலையில் இரண்டு பேரும் இருக்க மாட்டீர்கள்.