கீழ்க்கோட்டிலிருந்து தொடங்கியபோது: எபிதீலியம் ஸ்லைடுகளோடு ஆறு வாரம்

மைக்ரோஸ்கோப்பில் வைத்திருக்கும் ஸ்லைடைப் பார்த்து இன்னதென்று எழுதுவதுதான் ஸ்பாட்டர் தேர்வு. முதல் ஸ்பாட்டரில் எபிதீலியத் திசு ஸ்லைடுகள், அதாவது உறுப்புகளின் வெளிப்பரப்பையும் உட்பரப்பையும் மூடியிருக்கும் திசுவின் ஸ்லைடுகள், ஆறு வைத்திருந்தார்கள். நான் சரியாக எழுதியது இரண்டு: தோல், தைராய்டு. மற்ற நான்கையும் கொஞ்சமும் சந்தேகமில்லாமல் தப்பாக எழுதினேன். தட்டை, கனசதுரம், தூண் என்று செல்லின் வடிவம். ஒற்றை அடுக்கு, பல அடுக்கு, பொய்யடுக்கு என்று அமைப்பு. எது எங்கே இருக்கிறது, என்ன வேலை செய்கிறது. இந்த அட்டவணை முழுக்க மனப்பாடம். ஆனால் மைக்ரோஸ்கோப்பில் கண்ணை வைத்தால் இளஞ்சிவப்பும் ஊதாவும் கலந்த ஒரு பரப்புதான் தெரிந்தது. அதில் எங்கிருந்து பார்க்க ஆரம்பிப்பது என்று எனக்கு யாரும் சொல்லியிருக்கவில்லை, நானும் கேட்கவில்லை.

மறுதேர்வுக்கு ஆறு வாரம் இருந்தது. விடைத்தாளை எடுத்துக்கொண்டு, பாடம் எடுக்கும் மேடத்திடம் போனேன். அவர் முதலில் எடுத்தது மூச்சுக்குழாய் ஸ்லைடு. அதை நான் ‘பல அடுக்குத் தூண் எபிதீலியம்’ என்று எழுதியிருந்தேன். நியூக்ளியஸ்கள் மூன்று நான்கு மட்டங்களில் தெரிந்தன, அதனால் மூன்று நான்கு அடுக்கு என்று கணக்குப் போட்டிருந்தேன்.

“அடித்தளச் சவ்வு எங்கே இருக்கு, காட்டு” என்றார்.

எனக்குக் காட்டத் தெரியவில்லை.

“தரை எங்கேன்னே தெரியாம எத்தனை மாடின்னு எப்படி எண்ணினே?”

அந்தக் கேள்விதான் எனக்குப் பாதை போட்டது. எபிதீலியச் செல்கள் ஊன்றி நிற்கும் தளம்தான் அடித்தளச் சவ்வு. மூச்சுக்குழாயில் அது நல்ல தடிமனாக இருக்கும். வழக்கமான ஹெமட்டாக்சிலின்–இயோசின் சாயத்திலேயே வெளிர் சிவப்புப் பட்டையாகத் தெரியும். அந்தப் பட்டையில் கண்ணை நிறுத்தி, அங்கிருந்து ஒவ்வொரு செல்லாக மேலே ஏறிப் பார்க்கச் சொன்னார். மைக்ரோஸ்கோப்பின் நுண்திருகை மெல்ல அசைக்க அசைக்க விஷயம் விளங்கியது. குட்டையான செல்கள் அடியிலேயே நின்றுவிடுகின்றன, நெட்டையானவை மேற்பரப்பு வரை போகின்றன, ஆனால் எல்லாவற்றின் காலும் அந்தப் பட்டையில்தான் ஊன்றியிருக்கிறது. உயரம் வேறுபடுவதால் நியூக்ளியஸ்கள் வேறு வேறு மட்டத்தில் நிற்கின்றன. பார்வைக்குப் பல அடுக்கு, உண்மையில் ஒன்றே. ‘பொய்யடுக்கு’ என்ற பெயரை ஒரு வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தேன், அன்றைக்குத்தான் அதைக் கண்ணால் பார்த்தேன்.

மேல் விளிம்பில் மெல்லிய ரோமம் போலத் தெரிந்தவை குறு இழைகள். ஒரு செல்லுக்கு 200 முதல் 300 வரை இருக்கும். நடுநடுவே வெளிறிய, காலியான கிண்ணம் போல இருந்தவை சளி சுரக்கும் கோப்பைச் செல்கள். ஸ்லைடு தயாரிக்கும்போது சளி பெரும்பாலும் கரைந்துபோவதால் அப்படி வெளுத்துத் தெரிகின்றன. தூசி அந்தச் சளியில் ஒட்டுகிறது, குறு இழைகள் அதைத் தொண்டைப் பக்கம் தள்ளிக்கொண்டே இருக்கின்றன.

சரி, எல்லா ஸ்லைடிலும் அடித்தளச் சவ்வு இவ்வளவு தெளிவாகத் தெரியாது. அப்போது நான் பிடித்துக்கொண்ட வழி ரத்தக்குழாய். எபிதீலியத்துக்குள் ரத்தக்குழாய் கிடையாது. கீழே உள்ள இணைப்புத் திசுவிலிருந்து ஊடுருவி வருவதுதான் அதற்கு உணவு. ஆகவே சிவப்பணுக்கள் நிறைந்த குட்டிக் குழாய் கண்ணில் பட்டால் எபிதீலியத்தைத் தாண்டிக் கீழே வந்துவிட்டோம் என்று அர்த்தம். (தோல் ஸ்லைடில் மட்டும் கொஞ்சம் கவனம் தேவை. இணைப்புத் திசு விரல் விரலாக மேலே நீட்டிக்கொண்டிருக்கும். அதைக் குறுக்கே வெட்டிவிட்டால் எபிதீலியத்துக்கு நடுவே தீவு போலத் தெரியும்.)

அடுத்த சிக்கல், செல்லின் எல்லை சரியாகத் தெரியாதது. எல்லையைத் தேடி நான் வீணாக்கிய நேரம் கொஞ்சநஞ்சமல்ல. நியூக்ளியஸைப் பார்த்தாலே போதும். தட்டைச் செல்லில் அது படுத்துக் கிடக்கும், கனசதுரச் செல்லில் உருண்டையாக நடுவில் இருக்கும், தூண் செல்லில் நீள்வட்டமாக நிமிர்ந்து, பெரும்பாலும் அடிப்பக்கம் ஒதுங்கியிருக்கும்.

நான் தோற்ற இன்னொரு ஸ்லைடு சிறுநீர்ப்பை. ‘பல அடுக்குத் தட்டை’ என்று எழுதியிருந்தேன். பல அடுக்கு எபிதீலியத்துக்கு மேலடுக்குச் செல்லின் வடிவத்தை வைத்துத்தான் பெயர். உணவுக்குழாயில் அடியில் உள்ள செல்கள் தட்டையாக இருக்காது, ஆனாலும் மேலே வரவரத் தட்டையாவதால் அது தட்டை எபிதீலியம். இதெல்லாம் தெரிந்தும் சிறுநீர்ப்பையில் மேலடுக்கை நான் நின்று பார்க்கவேயில்லை. இரண்டாவது முறை உணவுக்குழாயையும் சிறுநீர்ப்பையையும் அடுத்தடுத்த மைக்ரோஸ்கோப்பில் வைத்து மாறி மாறிப் பார்த்தேன். ஒன்றில் மேலடுக்குச் செல்கள் செதில் போல ஒட்டிக் கிடந்தன. மற்றதில் பெரிய பெரிய செல்கள், மேற்பக்கம் குடை விரித்தது போல வளைந்து, சிலவற்றில் இரண்டு நியூக்ளியஸ். பை காலியாக இருக்கும்போது இப்படிப் பல அடுக்காகக் குவிந்திருக்கும். நிரம்பும்போது செல்கள் நீண்டு தட்டையாகி, அடுக்குகள் குறைந்தது போலத் தெரியும். அந்தக் குடைச் செல்கள்தான் சிறுநீர் திரும்ப உடலுக்குள் கசியாமல் தடுப்பவை. ஒரே திசு விரியவும் வேண்டும், ஒழுகாமலும் இருக்க வேண்டும். இந்த அமைப்பை நினைத்தால் இன்னும் எனக்கு ஆச்சரியம் தீரவில்லை.

அப்புறம் ஒரு பழக்கம் வந்தது. பெயரைத் தேடுவதற்கு முன், இந்த இடம் எதைத் தாங்க வேண்டும் என்று கேட்டுக்கொள்வேன். நுரையீரலின் காற்று நுண்ணறையில் வாயு கடந்து போக வேண்டும், அதனால் ஒற்றை அடுக்கு, அதுவும் தட்டை. வாயிலும் உணவுக்குழாயிலும் ஓயாத உராய்வு, மேலடுக்கு உதிர்ந்தாலும் கீழே இருப்பு வேண்டும், அதனால் பல அடுக்கு. சிறுநீரகத்தின் அண்மைச் சுருள் நுண்குழலில் வடிகட்டிய நீரிலிருந்து தேவையானதைத் திரும்ப உறிஞ்சும் கடுமையான வேலை, அதனால் தடித்த கனசதுரச் செல்லும் அதன் தலையில் தூரிகை போன்ற விளிம்பும். குடலில் தூண் செல்கள் நான்கைந்து நாளுக்கொரு முறை புதிதாகிவிடுகின்றன.

அந்த நாட்களில் மேடம் பாடத்திட்டத்தில் இல்லாத ஒரு ஸ்லைடையும் காட்டினார். நீண்ட காலம் புகைபிடித்தவரின் மூச்சுப்பாதை. ஒரு பக்கம் குறு இழைகளோடு நான் பழகிய பொய்யடுக்கு. கொஞ்சம் நகர்த்தினால் குறு இழையே இல்லாத, பல அடுக்குத் தட்டை எபிதீலியம். புகையைத் தாங்குவதற்காகத் திசு தன் வடிவத்தையே மாற்றிக்கொண்டிருந்தது. தாங்கும் சக்தி வந்தது, தள்ளும் சக்தி போய்விட்டது. சளியை வெளியேற்ற இனி இருமல்தான் வழி. அதைப் பார்த்துவிட்டு எனக்குச் சற்று நேரம் பேச்சு வரவில்லை.

தினமும் இரண்டு ஸ்லைடு வரைந்தேன். முதலில் அடிக்கோடு, பிறகு ஊதாப் பென்சிலில் நியூக்ளியஸ், கடைசியில் இளஞ்சிவப்பு. பெரிதாக்கும் லென்ஸுக்கு உடனே தாவாமல், சிறிய லென்ஸில் உறுப்பு முழுவதையும் பார்த்த பிறகே உள்ளே போனேன்.

மறுதேர்வில் நான்காவது ஸ்லைடு என்னை நிறுத்தியது. பார்க்க வேண்டிய இடத்தைக் காட்டும் சுட்டிமுனையில் நியூக்ளியஸ்கள் ஐந்தாறு வரிசை. ஸ்பாட்டரில் ஸ்லைடைத் தொடக் கூடாது, நகர்த்திப் பார்க்க வழியில்லை. பார்வை வட்டத்தின் ஓரத்துக்குக் கண்ணைக் கொண்டுபோனேன். அங்கே அதே திசு நேராக வெட்டுப்பட்டு, ஒரே வரிசை நியூக்ளியஸோடு, கோப்பைச் செல்களோடு நின்றது. நடுவில் கத்தி சாய்ந்து போயிருக்கிறது, அவ்வளவுதான். ‘ஒற்றை அடுக்குத் தூண் எபிதீலியம், சிறுகுடல்’ என்று எழுதிவிட்டு மணி அடிக்கக் காத்திருந்தேன்.